பேராசிரியர் வித்தியானந்தனும் மன்னார் நாடக நூல்களும்

ஈழநாட்டின் வடமேற்குக் கரையிலே, பாக்கு நீரிணைக்கும் மன்னார் வளைகுடாவுக்கும் இடையே ஒடுங்கி நீண்டு கிடப்பது மன்னார்த் தீவு. அதற்கு எதிரே பெருநிலத்தில் அமைந்தது மாதோட்டம். சிங்கள நாட்டு வரலாற்று நூல்கள் மகாதித்த என்று குறிக்கும் பழந்துறை இதுவே. 1980களில் மாந்தையில் நிகழ்ந்த அகழாய்வில் வெளிப்பட்ட சீனத்து மட்கலங்களும் பாரசீகத்து மட்கலங்களும், கீழ்த்திசைக்கும் மேற்றிசைக்கும் இத்துறை நடுவிடமாக விளங்கியதனைத் தெளிவுறுத்தின. திருஞானசம்பந்தரும் சுந்தரமூர்த்தி நாயனாரும் பாடிய திருக்கேதீச்சரம் இத்துறையின் அருகே உள்ளது.

இவ்வளவும் கற்றோர் பலரும் அறிந்த செய்தி. ஆயின், கேதீச்சரத்துப் பதிகங்களை நாள்தோறும் ஓதுவார் பலர், அக்கோயிலுக்கு அணித்தாயுள்ள ஊர்களிலே ஏட்டில் எழுதப்பெற்று இரவிரவாக ஆடப்பெற்று வந்த கத்தோலிக்க நாடகங்களைப் பெயரளவிலும் அறிந்திலர். அவை தமிழ் நாடகங்கள். விருத்தமும் கொச்சகமும் தருவும் கொண்டு தமிழ் யாப்பிலே அமைந்தவை. எனினும், தமிழிலக்கிய வரலாறு எழுதினோர் நெடுங்காலம் அவற்றுக்கு ஓரிடம் வகுத்தாரல்லர். அவற்றை அச்சேற்றித் தமிழுலகின் முன் வைத்தவர், பத்துப்பாட்டை ஆராய்ந்து இலண்டனிற் பட்டம் பெற்ற சைவத் தமிழறிஞர் ஒருவர். அவரே பேராசிரியர் சு. வித்தியானந்தன். சங்க நூலில் தோய்ந்த ஒருவர் மாதோட்டத்துக் களரியை நாடியது எவ்வாறு, அதனால் தமிழ்ப் பண்பாடு என்னும் சொல்லின் பொருள் எவ்வாறு விரிந்தது என்பன ஈண்டு ஆராயத்தக்கன.

ஆசிரியரும் முதல் நூல்களும்

வித்தியானந்தன் 1924ஆம் ஆண்டு மே மாதம் 8ஆம் நாள் யாழ்ப்பாணத்துத் தெல்லிப்பழையிற் பிறந்தவர். இலங்கைப் பல்கலைக்கழகத்திற் பயின்று அங்கேயே விரிவுரையாளரானார். 1950இல் இலண்டன் பல்கலைக்கழகத்திற் கலாநிதிப் பட்டம் பெற்றார். அப்பட்டத்துக்கு அவர் எடுத்துக்கொண்ட பொருள், பத்துப்பாட்டினை வரலாற்று முறையிலும் சமுதாய முறையிலும் நோக்குவது. இலக்கியத்தையும் சமுதாயத்தையும் பிரியாது ஒருங்கு வைத்து நோக்கும் இப்பழக்கமே, பின்னாளில் அவர் செய்த பணிகள் அனைத்துக்கும் அடித்தளமாயிற்று.

1953இல் அவருடைய 'இலக்கியத் தென்றல்' வெளிவந்தது. அந்நூலை வெளியிட்டது, கண்டி மாவட்டத்து முஸ்லிம் ஊராகிய கல்ஹின்னையைச் சேர்ந்த எஸ். எம். ஹனிபா நிறுவிய தமிழ் மன்றம். சைவர் ஒருவர் எழுதிய இலக்கிய வரலாற்று நூலை மலைநாட்டு முஸ்லிம் இளைஞர் ஒருவர் அச்சிட முன்வந்த இச்செய்தி சிறிதாயினும் மறக்கத்தக்கதன்று.

அடுத்த ஆண்டில், 1954இல், 'தமிழர் சால்பு' வெளிவந்தது. சங்ககாலத் தமிழரின் ஆட்சி, குடிவாழ்க்கை, வழிபாடு, கலை, புலமை ஆகியவற்றைத் தொகுத்துரைக்கும் இந்நூல் பல்கலைக்கழக மாணவர்க்கு நெடுங்காலம் துணைநூலாக விளங்கியது. சங்க இலக்கியத்தைச் செய்யுள் நயத்துக்காக மட்டும் பயின்ற காலத்தில், அச்செய்யுளின் பின்னே நின்ற மக்களை நோக்குமாறு செய்தமை இந்நூலின் தனிச்சிறப்பு. பாணர், பொருநர், கூத்தர், விறலியர் ஆகியோர் இந்நோக்கில் வெறும் பாட்டுடை மாந்தராக நில்லாது, ஒரு சமுதாயத்தின் கலையைத் தாங்கித் திரிந்த தொழிலாளராகக் காட்சி தருகின்றனர். ஆற்றுப்படை நூல்கள் நான்கு பத்துப்பாட்டினுள் அவர்தம் பெயராலேயே அமைந்துள்ளமை நினையத்தக்கது. பெரும்புலவர் பாடிய பாட்டுக்குப் பின்னே எழுதப்படாத கூத்தும் இசையும் இருந்தன என்பதனை உணர்ந்த ஆய்வாளர், தம் காலத்துக் கூத்தரைக் கண்ட அளவில் அவரைப் புறக்கணித்துச் செல்லுதல் அரிது.

நாடகத்தின் பக்கம் திரும்பியமை

1956ஆம் ஆண்டு இலங்கை நாடக வரலாற்றில் ஒரு திருப்பம். பேராசிரியர் எதிரிவீர சரச்சந்திர அவ்வாண்டில் 'மனமே' என்னும் சிங்கள நாடகத்தை மேடையேற்றினார். கற்றோர் 'நாட்டுப்புறத்தார் ஆட்டம்' என்று ஒதுக்கிய சிங்கள நாடகம என்னும் கூத்து வடிவத்தினின்றும் அவர் தம் மேடைக்கு வேண்டிய உயிரைப் பெற்றார். அந்நாடகம என்பது தென்னிந்தியத் தமிழ்க் கூத்து மரபோடு உறவுடையது. மேலைக் கரைக் கத்தோலிக்கர் வழியாகச் சிங்கள மக்களிடையே பரவியது. எனவே, சிங்கள அறிஞர் ஒருவர் தமிழ்க் கூத்தின் கிளையொன்றைக் கொண்டு தம்மினத்தின் தேசிய நாடகத்தை அமைத்த வேளையில், அதன் வேர் மட்டக்களப்பிலும் யாழ்ப்பாணத்திலும் முல்லைத்தீவிலும் மன்னாரிலும் கவனிப்பாரின்றிக் கிடந்தது.

வித்தியானந்தன் இதனைக் கண்டார். இலங்கைக் கலைக்கழகத்தின் தமிழ் நாடகக் குழுவுக்குத் தலைமை தாங்கிய அவர், கிராமங்கள்தோறும் சென்று அண்ணாவிமாரைக் கண்டார். அவர்க்குச் சிறப்புச் செய்தார். பாடசாலைகளிலே கூத்துப் போட்டிகள் நிகழச் செய்தார். பேராதனையில் மாணவரைக் கொண்டு 'கர்ணன் போர்', 'நொண்டி நாடகம்', 'இராவணேசன்', 'வாலிவதை' ஆகியவற்றை 1960களில் மேடையேற்றினார். வட்டக்களரியிலே விடியும்வரை ஆடும் கூத்து, பல்கலைக்கழக மண்டபத்தின் ஒருபக்க மேடையிலே குறுகிய நேரத்துள் ஆடி முடிக்கத்தக்கதாயிற்று. அம்மேடையிற் பயின்ற மாணவருட் சிலர் பிற்காலத்தில் ஈழத்து நாடகத்துறையின் முதன்மையாளராயினர். இராவணேசனாக ஆடிய சி. மௌனகுரு அவருள் ஒருவர்.

மன்னார் நூல்கள்

மேடைப்பணியோடு பதிப்புப்பணியும் உடன் நடந்தது. 1962இல் மட்டக்களப்புக் கூத்தாகிய 'அலங்காரரூபன் நாடகம்' அவர் பதிப்பில் வந்தது. பின்னர் மன்னாரைச் சார்ந்த நூல்கள் அடுத்தடுத்து வந்தன. 1964இல் 'மன்னார் நாட்டுப் பாடல்கள்', அவ்வாண்டிலேயே 'என்றீக்கு எம்பரதோர் நாடகம்', 1966இல் 'மூவிராசாக்கள் நாடகம்', 1967இல் 'ஞானசௌந்தரி நாடகம்' என்பன அவை. நான்கு ஆண்டுகளுள் ஒரு மாவட்டத்து வாய்மொழிச் செல்வமும் ஏட்டுச் செல்வமும் இவ்வளவு அச்சேறியமை ஈழத்தில் முன்னர் நிகழ்ந்திராத செயல்.

மன்னாரின் நாடக மரபு தனித்தன்மை வாய்ந்தது. மட்டக்களப்பிலே வடமோடி, தென்மோடி என இரு பிரிவு வழங்குவதுபோல, மன்னாரிலே யாழ்ப்பாணப் பாங்கு, மாதோட்டப் பாங்கு என இரு பாங்கு வழங்கும். முன்னதனை வடபாங்கு என்றும் பின்னதனைத் தென்பாங்கு என்றும் கூறுவர். அன்றியும், ஆடுதற்குரிய கால அளவு பற்றி நாடகம், வாசாப்பு என்னும் வேறுபாடும் உண்டு. நாடகம் ஓரிரவில் முடியாது தொடர்ந்த இரவுகளில் ஆடப்பெறுவது. வாசாப்பு அதனைச் சுருக்கி ஓரிரவில் ஆடத்தக்கதாக்கியது. ஆகவே, ஒரே கதை நாடகமாகவும் வாசாப்பாகவும் வெவ்வேறு ஏடுகளில் நிலவுதல் இயல்பு.

இந்நாடகங்களின் பெயர்களே வரலாற்றுச் சான்றுகளாகும். 'என்றீக்கு' என்பது போர்த்துக்கேய மொழியில் வழங்கும் என்றீக்கே என்னும் ஆட்பெயர். 'எம்பரதோர்' என்பது பேரரசன் என்று பொருள்படும் போர்த்துக்கேயச் சொல்லின் தமிழ் வடிவம். ஐரோப்பியப் பேரரசன் ஒருவன் தமிழ்க் கட்டியகாரன் கட்டியங்கூற, மத்தள ஒலிக்கிடையே களரிக்கு வந்து, தன் பெருமையைத் தானே தருவிற் பாடி ஆடுகின்றான். 'மூவிராசாக்கள் நாடகம்' வான்மீனைப் பின்பற்றிக் குழந்தை இயேசுவைக் காணச் சென்ற மூவேந்தர் கதை. அவ்வேந்தரின் திருநாள் சனவரி 6ஆம் நாள் கொண்டாடப்பெறுவது. ஞானசௌந்தரியின் கதையோ மாற்றாந்தாயின் வஞ்சத்தாற் கைகளை இழந்த அரசிளங்குமரி ஒருத்தி தேவமாதாவின் அருளால் அவற்றை மீளப் பெற்றதனைக் கூறுவது. தமிழகத்திலும் மேடை நாடகமாகப் புகழ்பெற்று, 1948இல் திரைப்படமாகவும் வந்த கதை இது.

கதை வேற்று நாட்டினது. சமயம் மேற்றிசையிலிருந்து வந்தது. ஆயின், கதையைச் சொல்லும் முறை முற்றும் தமிழருடையது. காப்பிலே விநாயகருக்குப் பதிலாக இறைவனும் தேவமாதாவும் வேண்டப்படுவர். காப்புப் பாடித் தொடங்குதல் வேண்டும் என்னும் நெறி மாறவில்லை. ஏரோது மன்னனின் கொலுவும் இராவணனின் கொலுவும் ஒரே வகையாகவே களரியில் அமையும். அரசன் வரவும், மந்திரி மறுமொழியும், சேவகரின் நகைச்சுவையும், புலம்பற் பாட்டும் சைவக் கிராமத்துக் கூத்திலும் கத்தோலிக்கக் கிராமத்துக் கூத்திலும் ஒத்த இயல்பின. மத்தளமும் தாளமும் எச்சமயத்துக்கும் வேறுபட்டு ஒலிப்பனவல்ல. தமிழர் ஒரு புதுச் சமயத்தைத் தழுவிய காலத்தும் தம் கலை வடிவத்தைக் கைவிட்டிலர் என்பதற்கு இதனினும் வலிய சான்று வேண்டுவதில்லை.

நாட்டுப்பாடல் தொகுதியின் பயனும் இத்தன்மையதே. கட்டுக்கரைக்குளத்து நீர் பாயும் மாதோட்டத்து வயல்களும், முத்துக்குப் பெயர்போன வளைகுடாக் கரையும், பனைசூழ்ந்த தீவுப்பகுதியும் ஒரு சிறு மாவட்டத்துள்ளேயே மருதமும் நெய்தலும் அயலயலாக நிற்கும் காட்சியைத் தருகின்றன. சங்கப் புலவர் திணையென வகுத்த நிலவாழ்வு, நூலறியா உழவரும் பரதவரும் பாடும் பாட்டிலே இன்னும் தொடர்ந்து வருவதனைப் பத்துப்பாட்டில் தோய்ந்த ஒருவரே எளிதிற் கண்டுகொள்ளக்கூடும்.

சமய எல்லையும் தமிழ் எல்லையும்

மன்னாரின் சமய வரலாறு எளிதாகப் பேசத்தக்கதன்று. 1544இல் கத்தோலிக்க சமயத்தைத் தழுவிய மன்னார் மக்கள் பலர் யாழ்ப்பாணத்து மன்னன் ஆணையாற் கொல்லப்பட்டனர். 1560இல் போர்த்துக்கேயர் மன்னாரைக் கைப்பற்றிக் கோட்டை அமைத்தனர். திருக்கேதீச்சரம் அவர்தம் காலத்தில் அழிந்தது. 1658இல் ஒல்லாந்தர் வந்தபின் கத்தோலிக்கர் தாமே ஒடுக்கப்பட்டோராயினர். குருமாரின்றிப் பல்லாண்டு வாழ்ந்தனர். 1687இல் கோவாவிலிருந்து மறைவாக ஈழம் வந்த யோசேவாஸ் அடிகளும் அவர் வழிவந்தோருமே அச்சமயத்தை மீள நிலைநிறுத்தினர். 1872இல் ஆறுமுக நாவலர் கேதீச்சரத்தை மீட்குமாறு சைவர்க்கு வேண்டுகோள் விடுத்தார். அம்முயற்சி நூறாண்டுக்கு மேல் தொடர்ந்து, 1976இற் குடமுழுக்கில் நிறைவெய்தியது. சைவர்க்கும் கத்தோலிக்கர்க்கும் தத்தம் துயரமும் தத்தம் நினைவும் உள்ள நிலம் அது.

இத்தகைய நிலத்திலே, சைவக் குடும்பத்திற் பிறந்த அறிஞர் கத்தோலிக்க நாடக ஏடுகளைத் தேடிப் பதிப்பித்தல் சமயப் பற்றின் குறைவாற் செய்த செயலன்று. இதற்குத் தமிழிற் சிறந்த முன்மாதிரி உண்டு. யாழ்ப்பாணத்துச் சி. வை. தாமோதரம்பிள்ளை சைவராயிருந்தும் பௌத்தர் இயற்றிய வீரசோழியத்தை 1881இலும் சமணர் இயற்றிய சூளாமணியை 1889இலும் பதிப்பித்தார். உ. வே. சாமிநாதையர் 1887இற் சீவகசிந்தாமணியையும் 1898இல் மணிமேகலையையும் வெளியிட்டார். சமண நூலைச் சைவர் பதிப்பிப்பதோ என்று அன்று சிலர் வினவாமலில்லை. இன்று அந்நூல்களின்றித் தமிழிலக்கிய வரலாற்றை எண்ணிப்பார்க்கவும் இயலாது. சிந்தாமணிக்குச் சாமிநாதையர் செய்ததனையே மூவிராசாக்களுக்கு வித்தியானந்தன் செய்தார். வேறுபாடு ஒன்றே: சிந்தாமணி புலவர் போற்றிய காப்பியம், மூவிராசாக்கள் உழவரும் மீன்பிடிப்போரும் ஆடிய கூத்து. ஆகவே, பின்னவர் கடக்க வேண்டியிருந்த எல்லைகள் இரண்டு. ஒன்று சமய எல்லை. மற்றையது கற்றோர் கல்லாதார் என்னும் எல்லை. இரண்டாவதே கடத்தற்கு அரியது.

இதே காலத்தில் இலங்கைப் பல்கலைக்கழகத்திற் பணியாற்றிய மற்றோர் அறிஞரையும் இங்கு ஒப்புநோக்கலாம். கத்தோலிக்கக் குருவாகிய தனிநாயகம் அடிகள் 1952 தொடக்கம் ஆங்கிலத்தில் ஓர் ஆய்விதழ் நடத்திச் சங்க இலக்கியத்தின் பெருமையை உலகறியச் செய்தார். குருவானவர் சங்கப் பாட்டை உலகிற்கு எடுத்துச் சென்றார். சைவ அறிஞர் கத்தோலிக்கக் கூத்தைத் தமிழுலகிற்குள் எடுத்து வந்தார். இவ்விரு பணியும் ஒன்றையொன்று நிறைவு செய்வன. 1974 சனவரியில் யாழ்ப்பாணத்தில் நடைபெற்ற நான்காவது அனைத்துலகத் தமிழாராய்ச்சி மாநாட்டை வித்தியானந்தன் முன்னின்று நடத்தினார். அம்மாநாட்டுத் தொடருக்கு வித்திட்டோருள் முதல்வர் தனிநாயகம் அடிகள்.

அச்சும் களரியும்

வித்தியானந்தன் பணிக்குக் குறை கூறுவாரும் உண்டு. விடியும்வரை ஊரே கூடியிருந்து ஆடிய கூத்தை மண்டப மேடைக்கு ஏற்பச் சுருக்கியமையால், அதன் சமுதாயப் பொருள் நீங்கி அழகு மட்டும் எஞ்சியது என்பர். இக்கூற்றிற் பொருளில்லாமலில்லை. கூத்து என்பது ஓர் ஊரின் நேர்த்தியோடும் அறுவடையோடும் திருநாளோடும் உறவோடும் பிணைந்தது. மண்டபத்தில் அமர்ந்து பார்ப்போர்க்கு அப்பிணைப்பு இல்லை. ஆயினும், மேடையிலே சுருக்கிய அதே அறிஞர் நூலிலே அதனைச் சுருக்கினாரல்லர் என்பதனை மறத்தலாகாது. இரவிரவாக ஆடத்தக்க பாடம் நூலாக நிற்கின்றது. மேடையிற் கண்டது போதாது என்பார் நூலை நாடலாம்.

நூலுக்கும் எல்லையுண்டு. அச்சிட்ட தருவைக் கண்டு அதன் சொல்லை அறியலாம். மெட்டை அறிதல் இயலாது. எந்த அடியில் மத்தளம் விரையும், எங்கே பிற்பாட்டுக்காரர் எடுத்துப் பாடுவர், அரசன் களரியை எத்தனை முறை சுற்றி வருவான் என்பன அண்ணாவியாரின் நெஞ்சிலும் காலிலும் உள்ளவை. தொல்காப்பியர் கூறிய பண்ணத்தியைப் பெயரளவில் அறிந்து பொருளளவில் அறியாதிருப்பதுபோல, மாதோட்டப் பாங்கும் வெறும் பெயராக எஞ்சிவிடுதல் கூடும். அச்சு நூல் அழிவைத் தடுக்கும் அரணே. ஆடுவோரின்றி அந்நூல் தானே நாடகமாக மாட்டாது.

இழப்பும் கடமையும்

அந்நூல்கள் வெளிவந்தபின் அவ்வரணின் இன்றியமையாமையை வரலாறு மிகக் கொடிதாக மெய்ப்பித்தது. 1977இல் யாழ்ப்பாண வளாகத்தின் தலைவராகவும், 1979 முதல் 1988 வரை யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத் துணைவேந்தராகவும் வித்தியானந்தன் பணியாற்றிய காலத்திலேயே, 1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டது. அங்கிருந்த ஏட்டுச் சுவடிகளும் உடன் மறைந்தன. 1989 சனவரியில் அவர் மறைந்தார். 1990 ஒக்ரோபரில் மன்னார் உள்ளிட்ட வட மாகாணத்து முஸ்லிம் மக்கள் தமிழீழ விடுதலைப் புலிகளால் தம் ஊர்களினின்றும் வெளியேற்றப்பட்டனர். கத்தோலிக்கரும் சைவரும் போரினாற் பலமுறை இடம்பெயர்ந்தனர். பலர் கடல்கடந்து தமிழகத்து முகாம்களை அடைந்தனர். ஊர் கலைந்தால் களரி கலையும்; களரி கலைந்தால் அண்ணாவியார்க்கு மாணாக்கர் இல்லை. ஓடும்போது ஒருவர் எடுத்துச் செல்லும் பொருள்களுள் கூத்தேடு முதன்மை பெறுவதில்லை. 1964க்கும் 1967க்கும் இடையே அச்சேறிய நூல்கள் நூலகம்தோறும் பரவி நின்றமையால், மூலவேடு மறைந்தாலும் பாடம் மறையாது காக்கப்பட்டது.

2009இற் போர் ஓய்ந்தபின் மன்னார் ஊர்கள் மீளக் குடியேறின. 2015இல் தலைமன்னாருக்குப் புகையிரதமும் மீண்டும் ஓடத் தொடங்கியது. எஞ்சிய பணி, பதிப்பித்த நூலையும் ஆடும் ஊரையும் மீண்டும் இணைத்தலாகும். அந்நூல்களைக் கையிற் கொண்டு மன்னார்க் கிராமங்களுக்குச் சென்று, முதிய அண்ணாவிமாரைப் பாடச் செய்து, மெட்டையும் ஆட்டத்தையும் ஒலியாகவும் காட்சியாகவும் பதிந்து வைத்தல் இக்காலத்தில் எளிது. வித்தியானந்தன் காலத்தில் இவ்வசதி மிகச் சிறிதே. இன்று மாணவர் ஒவ்வொருவர் கையிலும் அதற்கான கருவி உண்டு. முஸ்லிம் ஊர்களின் தாலாட்டும் தொழிற்பாட்டும் இப்பதிவினுள் அடங்குதல் வேண்டும். ஒரு சமயத்தார் பாட்டை விடுத்து மன்னாரின் பாட்டு நிறைவுறாது.

இந்துக் கல்லூரி மாணவர்க்கு இப்பணி பிறர் பணியன்று. கேதீச்சரத்துப் பதிகமும் மாதோட்டத்துத் தருவும் ஒரே நிலத்தின் தமிழ். முன்னதனைக் காப்போர் பின்னதனையும் காத்தல் வேண்டும் என்பதனை ஒரு சைவ அறிஞர் தம் நூல்களாற் காட்டிச் சென்றார். அண்ணாவிமாருட் பலர் முதுமையெய்தியுள்ள இக்காலத்தில், அவரிடம் சென்று கேட்பதற்கு எஞ்சியுள்ள ஆண்டுகள் சிலவே.